நாக்கில் நின்ற துவர்ப்பு



போன இதழில் இந்தப் பக்கம் வரவில்லை. அதற்குள் ‘ஆசிரியருக்கு உடம்பு சரியில்லையா?’ என்று விசாரித்துக் கடிதங்கள் வந்துவிட்டன. ஒருவர் கஷாயத்துக்குப் பக்குவமே எழுதி அனுப்பியிருந்தார். பத்திரமாக எடுத்து வைத்திருக்கிறேன், மழைக்காலத்தில் உதவும். உடம்புக்கு ஒன்றுமில்லை. இத்தாலியில் போலோன்யா நகரத்தில் ஆண்டுதோறும் நடக்கும் குழந்தைகள் புத்தகக் கண்காட்சிக்குப் போயிருந்தேன். கண்காட்சியைப் பற்றி அடுத்த இதழில் தனியாக ஒரு கட்டுரை வருகிறது. இப்போது சொல்ல வந்தது, அதெல்லாம் முடிந்தபின் கையில் மிச்சமிருந்த ஒரே ஒரு நாளைப் பற்றி.

அந்த நாளுக்காகவே சியெனா நகரத்துக்கு வந்து அறை எடுத்திருந்தேன். விடுதி வரவேற்பறையில் ஒரு துண்டறிக்கை கிடந்தது. மலை உச்சி ஊர்கள் மூன்று, ஒயின் ருசி பார்த்தல், மொத்தமே எட்டுப் பேர், காலையில் கிளம்பி மாலையில் திரும்பலாம் என்று போட்டிருந்தது. எனக்கு வேண்டியது ஊர்கள். ஒயின் கூடவே ஒட்டிக்கொண்டு வந்தது. நம் ஊரில் ‘ஒயின்ஸ்’ என்று பலகை மாட்டிய கடையில் ஒயினைத் தவிர மற்றதெல்லாம் விற்கும். அந்தக் கடைக்கு எதிர்ச் சாரியிலேயே நடந்து பழகிய எனக்கு, பெயரைக் கொடுக்கும்போது கொஞ்சம் கூச்சமாகத்தான் இருந்தது.

அது ஏன் எட்டு? நெருக்கமான அனுபவம் தருவதற்காக என்று துண்டறிக்கை சொன்னது. காரணம் அவ்வளவு கவித்துவமானதில்லை என்று வண்டி ஓட்டிய பெண்மணி சிரித்துக்கொண்டே சொன்னார். கார் ஓட்டும் சாதாரண உரிமத்தை வைத்துக்கொண்டு அங்கே ஓட்டுநரைச் சேர்த்து ஒன்பது பேர் வரைதான் ஏற்றலாம். பத்தாவது ஆள் ஏறினால் பஸ் ஓட்டும் உரிமம் வேண்டும். ஐரோப்பாவின் ‘சின்னக் குழு’ உல்லாசப் பயணங்களில் பாதி இந்தக் கணக்கில் பிறந்தவையாக இருக்கும் என்பது என் சந்தேகம். அந்த அம்மாவே வழிகாட்டி, அவரே ஓட்டுநர். ஐம்பது வயதிருக்கும், அமியாத்தா மலை அடிவாரத்து ஊர்க்காரர். அன்று முழுக்க அவர் ஒரு சொட்டுக்கூடக் குடிக்கவில்லை. தொழில்முறை ஓட்டுநர்கள் ரத்தத்தில் மது துளியும் இருக்கக் கூடாது என்பது அங்கே சட்டம். ஒவ்வோர் இடத்திலும் கோப்பையை வாங்கி மூக்கருகே கொண்டுபோவார், கண்ணை மூடுவார், வைத்துவிடுவார். குழுவில் குடிக்காத இரண்டு பேர் நானும் அவரும்தான் என்பதாலோ என்னவோ, சீக்கிரமே சிநேகமாகிவிட்டோம்.

சியெனாவை விட்டுத் தெற்கே இறங்கியதும் நிலம் அலை அலையாக எழுந்து வருகிறது. வசந்த காலம். கோதுமை முழங்கால் உயரம்கூட வரவில்லை. குன்றுகள் எல்லாம் பச்சை. ஒவ்வொரு குன்றின் முதுகிலும் ஒரு கல் வீடு, அதற்கு ஏறும் பாதை ஓரத்தில் வரிசையாகச் சைப்ரஸ் மரங்கள். காலண்டரிலும் கணினித் திரையிலும் எத்தனையோ முறை பார்த்த படம்தான். இந்தப் பள்ளத்தாக்குக்கு வால் தோர்ச்சா என்று பெயர். 2004இல் யுனெஸ்கோ இதை உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது. காட்டையோ கோட்டையையோ சேர்ப்பதுபோல் அல்ல. வயலும் வரப்புமாக மனிதன் கைவைத்துச் செய்த நிலக்காட்சி என்பதற்காகவே சேர்த்தது. முந்தின நாள்தான் சியெனா நகர மாளிகையில் அம்ப்ரோஜியோ லொரென்செத்தி 1338, 1339 ஆண்டுகளில் தீட்டிய சுவரோவியத்தைப் பார்த்திருந்தேன். நல்லாட்சி நடந்தால் ஊரும் நாடும் எப்படி இருக்கும் என்று காட்டும் ஓவியம். கோட்டை வாசலுக்கு வெளியே குன்றுகள், கொடித் தோட்டங்கள், உழுபவர்கள், கதிரடிப்பவர்கள், பொதி சுமக்கும் கழுதைகள். மறுநாள் காலை அதே ஓவியத்துக்குள் வண்டி ஓட்டிக்கொண்டு போவதுபோல் இருந்தது. கழுதைகளை மட்டும் காணோம்.

முதல் ஊர் மொன்டால்ச்சினோ. கடல் மட்டத்துக்கு மேல் 564 மீட்டர். வண்டி கீழேயே நின்றுவிடும், மேலே நடைதான். இந்த ஊர்கள் எல்லாம் ஏன் இப்படி உச்சியில் ஏறி உட்கார்ந்திருக்கின்றன என்று மூச்சு வாங்கிக்கொண்டே கேட்டேன். ‘கீழே இரண்டு எதிரிகள். ஒன்று படை, இன்னொன்று கொசு’ என்றார் வழிகாட்டி. மலேரியா என்ற சொல்லே ‘கெட்ட காற்று’ என்று பொருள்படும் இத்தாலியச் சொல்லிலிருந்து வந்ததுதான். பக்கத்துப் பள்ளத்தாக்கான கியானா நூற்றாண்டுக் கணக்கில் சதுப்பாகக் கிடந்து, பின்னால்தான் வடிக்கப்பட்டது. காய்ச்சலுக்கும் கத்திக்கும் பயந்து ஏறியவர்கள் கட்டிய தெருக்களில்தான் இன்று நாம் படம் எடுத்துக்கொள்கிறோம்.

ஊர் முனையில் 1361இல் கட்டிய கோட்டை அப்படியே நிற்கிறது. 1555இல் சியெனா எதிரிகளிடம் வீழ்ந்தபோது, தோல்வியை ஒப்புக்கொள்ளாத குடும்பங்கள் இங்கே வந்து, இதுதான் சியெனாக் குடியரசு என்று சொல்லி இன்னும் நான்கு ஆண்டுகள் ஆட்சி நடத்தின. ஊர் போய்விட்டது, பெயரை மட்டும் தூக்கிக்கொண்டு மலையேறிய ஒரு நாடு! இதை மட்டும் வைத்து ஒரு நாவல் எழுதலாம். எழுதுகிறவர்கள் யாராவது இருந்தால் முதலில் எனக்கு அனுப்புங்கள்.

ஊருக்குச் சற்று வெளியே ஒரு குடும்பத் தோட்டத்தில் ஒயின் ருசி. கொடிகளில் அப்போதுதான் துளிர் விட்டிருந்தது, சுண்டு விரல் நகம் அளவு. நீள மேசை, ஆளுக்கு மூன்று கோப்பை, நடுவில் ஒரு பீங்கான் ஜாடி. ஜாடி எதற்கு என்றால், வாயில் வைத்த ஒயினைத் துப்புவதற்காம். விழுங்கித்தான் ஆக வேண்டும் என்பதில்லை. தொழில்காரர்கள் எல்லோரும் துப்பத்தான் செய்கிறார்கள். எனக்கு உயிர் வந்தது. வெற்றிலை போட்ட பாட்டிகளின் காலடியில் படிக்கம் இருந்த வீட்டில் வளர்ந்தவளுக்கு இதில் என்ன கூச்சம்?

இங்கே விளைவது சாஞ்ஜொவேசே என்ற கருந்திராட்சை. அந்த ஒரே ரகத்தில் செய்து, நெடுநாள் வைத்திருந்து எடுப்பது புருனெல்லோ. சீக்கிரம் எடுப்பது ரோசோ. தோட்டத்துப் பெண் முதலில் ரோசோவை ஊற்றி, என்ன தோன்றுகிறது என்று ஒவ்வொருவராகக் கேட்டாள். கனடாவிலிருந்து வந்த கணவனும் மனைவியும் செர்ரிப் பழம் என்றார்கள். ஒருவர் புகையிலை என்றார். இன்னொருவர் நனைந்த தோல் செருப்பு என்று சொல்லி, அதைப் பாராட்டாகத்தான் சொன்னேன் என்றும் சேர்த்துக்கொண்டார். என் முறை வந்தது. செர்ரியை நான் கேக்கின் மேல்தான் பார்த்திருக்கிறேன். ஒரு மிடறு வாயில் வைத்தேன். முதலில் புளிப்பு. அப்புறம் நாக்கின் இரு பக்கமும் மெல்ல இறுகி, கன்னத்தின் உட்புறம் சுருங்கியது.

இது எனக்குத் தெரியுமே! வாழைப்பூ நரம்பு எடுக்கும்போது பச்சையாகக் கடித்தால், கொட்டைப்பாக்கை மென்றால், கடுக்காய்ப் பொடியில் பல் தேய்த்தால், நாவல் பழம் தின்று நாக்கு ஊதாவானபின் கடைசியில் நிற்கும் அதே சுவை. துவர்ப்பு.

துப்பிவிட்டுச் சொல்ல முயன்றேன். ஆங்கிலத்தில் இதற்கு இருக்கும் சொல், மருந்துச் சீட்டில் எழுதியது மாதிரி இருக்கிறது. யாரும் சாப்பாட்டு மேசையில் சொல்வதில்லை. ‘எங்கள் மொழியில் சுவை ஆறு. இனிப்பு, புளிப்பு, கார்ப்பு, உவர்ப்பு, கசப்பு, அதோடு இது ஒன்று’ என்று சொல்லி, பாக்கையும் வாழைப்பூவையும் கையால் காட்டி விளக்கினேன். தோட்டத்துப் பெண் ஆர்வமாகி, ஒரு காகிதத்தில் அந்தச் சொல்லை எழுதித் தரச் சொன்னாள். எழுதிக் கொடுத்தேன். தமிழில் ஒன்று, அவளுடைய எழுத்தில் ஒன்று. தன் வேலை முழுக்க இந்த ஒரு சுவையோடுதான் மல்லுக்கட்டுவது என்றாள் அவள். திராட்சையின் தோலிலிருந்தும் விதையிலிருந்தும் அது இறங்குகிறது. மரப்பீப்பாயும் தன் பங்குக்குக் கொஞ்சம் சேர்க்கும். புதிதில் நாக்கைப் பிடிக்கும். வருஷம் போகப் போக மெத்தென்று ஆகும். இல்லாமலே போனால் ஒயின் நீடிக்காது. ஆகவே அதைப் போக்கக் கூடாது, பழக்க வேண்டும்.

பழக்குவதற்கு எவ்வளவு நாள்? புருனெல்லோ குறைந்தது இரண்டு ஆண்டு மரத்தில் கிடக்க வேண்டும், பிறகு புட்டியில். அறுவடைக்கு அடுத்து வரும் ஐந்தாம் ஆண்டின் ஜனவரி முதல் தேதிக்கு முன்னால் அதைக் கடைக்கு அனுப்பக் கூடாது என்பது விதி. வெளியே துளிர்த்துக்கொண்டிருந்த கொடியைப் பார்த்தேன். அதன் காய் எனக்குக் கோப்பையில் கிடைக்க வேண்டுமானால், நம் இதழ் அதற்குள் கிட்டத்தட்ட அறுபது முறை அச்சாகி வந்திருக்கும். மாதம் முதல் தேதி இதழ் கைக்கு வரவில்லை என்றால் இரண்டாம் தேதி காலை போன் செய்கிற உங்களையெல்லாம் நினைத்துக்கொண்டேன்.

இந்த ஒயினின் பேர் பழையது என்றாலும் பணம் புதியது. ஃபெருச்சோ பியோந்தி சாந்தி என்பவர் தன் தோட்டத்தில் சாஞ்ஜொவேசேயை மட்டும் வைத்துப் புருனெல்லோ என்று பெயரிட்டு எடுத்தது 1888 அறுவடையில். ஆனால் 1960களில்கூட மொன்டால்ச்சினோவில் புருனெல்லோத் தோட்டம் நூறு ஹெக்டேருக்குக் கீழேதான். இன்று இரண்டாயிரத்துக்கும் மேல். நடுவில் என்ன நடந்தது என்பதை வழிகாட்டி வண்டியில் சொன்னார். அன்று கேட்டதிலேயே என்னைப் பிடித்து உலுக்கியது அதுதான்.

இங்கே அந்தக் காலத்தில் நிலம் உழுதவனுக்குச் சொந்தமில்லை. மெத்சாத்ரியா என்று ஒரு முறை. நம்முடைய வாரச் சாகுபடிதான். நிலமும் வீடும் பண்ணையாருடையது, உழைப்பு குடியானவனுடையது, விளைச்சலில் ஆளுக்குப் பாதி. குன்றின் முதுகில் அழகாக நிற்கும் அந்தக் கல் வீடுகள் எல்லாம் வாரக்குடிகள் இருந்த வீடுகள். கீழே மாடு, மேலே மனிதர்கள். குளிர்காலத்தில் மாட்டின் சூடுதான் கணப்பு. 1950களிலிருந்து ஜனங்கள் நகரத்து ஆலைகளைப் பார்த்துக் கிளம்பத் தொடங்கினார்கள். 1964இல் புதிதாக இந்த ஒப்பந்தம் போடுவதையே சட்டம் தடுத்தது. வீடுகள் காலியாயின. பிறகு ஒயினுக்குப் பேர் வந்தது, பார்க்க வருகிறவர்கள் வந்தார்கள், வீடுகள் விடுதிகளாயின. ‘என் தாத்தா மாடு கட்டிய இடத்தில் இப்போது ஜெர்மன்காரர்கள் தூங்குகிறார்கள். பக்கத்தில் நீச்சல் குளம்’ என்றார் வழிகாட்டி. குரலில் கோபம் இல்லை. பெருமையும் இல்லை. அடுத்த வளைவுக்காகக் கியரை மாற்றினார்.

மதியம் பியென்சா. முன்னே இது கோர்சின்யானோ என்ற குக்கிராமம். 1405இல் இங்கே பிறந்த எனேயா சில்வியோ பிக்கொலோமினி, இளமையில் ஒரு காதல் கதையெல்லாம் எழுதிப் பேர் வாங்கியவர், 1458இல் போப்பாண்டவர் ஆகி இரண்டாம் பயஸ் என்று பெயர் சூடினார். ஆனதும் செய்த காரியங்களில் ஒன்று, பிறந்த ஊரைத் தன் பெயரில் புது நகரமாக மாற்றிக் கட்டியது. பெர்னார்தோ ரொசெல்லினோ என்ற கட்டடக் கலைஞர் மூன்று ஆண்டுகளில் தேவாலயம், அரண்மனை, சதுக்கம் எல்லாவற்றையும் எழுப்பிவிட்டார். செலவு, சொன்ன மதிப்பீட்டைவிடப் பல மடங்கு. எல்லோரும் அவர் மேல் புகார் சொல்ல, போப் அவரை அழைத்து, உண்மைச் செலவை முன்பே சொல்லியிருந்தால் நான் ஒப்புக்கொண்டிருக்கவே மாட்டேன், மறைத்ததே நல்லது என்று பாராட்டி வெகுமதியும் கொடுத்தார். இதைப் போப்பே தன் நினைவுக் குறிப்புகளில் எழுதி வைத்திருக்கிறார். எங்கள் அச்சகக்காரர் இந்தப் பக்கத்தைப் படிக்க மாட்டார் என்று நம்புகிறேன்.

தேவாலயத்தில் யாரும் எதையும் மாற்றக் கூடாது என்று ஆணை போட்டுவிட்டுத்தான் அவர் 1464இல் இறந்தார். ஆணைக்கு மண் கட்டுப்படவில்லை. பின்பக்கம் சரிவில் கட்டியதால் கோயிலின் பீடப் பகுதி அன்றிலிருந்து மெல்ல இறங்கிக்கொண்டே இருக்கிறது. உள்ளே நடந்தால் தரை சாய்வதைக் கால் உணர்கிறது.

ஊர் முழுக்கப் பாலாடைக்கட்டி வாசனை. பெக்கொரினோ என்று செம்மறியாட்டுப் பாலில் செய்வது. சாம்பல் பூசியும், வால்நட் இலையில் சுற்றியும் பதப்படுத்துகிறார்கள். சாப்பாட்டுக்கு வந்த மாவுப் பண்டத்தின் பெயர் பிச்சி. பூவுக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. கோதுமை மாவைப் பிசைந்து, ஒவ்வோர் இழையையும் கையாலேயே உருட்டி நீட்டுகிறார்கள். சமையலறை வாசலில் நின்று ஒரு பாட்டியம்மா உருட்டுவதைப் பார்த்தேன். கைமுறுக்கு சுற்றுகிற அதே விரல் வேகம். தக்காளியும் பூண்டும் போட்ட குழம்பில் அது பிரமாதம். ரொட்டிதான் சோதித்தது. தொஸ்கானா என்னும் இந்த மாநிலத்து ரொட்டியில் உப்பே போடுவதில்லை. ‘உப்பில்லாப் பண்டம் குப்பையிலே’ என்று முனகிக்கொண்டே கடித்தேன். அந்த உப்பு நிறைந்த பாலாடைக்கட்டியோடு சேர்த்துத் தின்றபோதுதான் வாயை மூடிக்கொண்டேன்.

மூன்றாவது ஊரான மொன்டெபுல்ச்சியானோவுக்குப் போகும் வழியில், துண்டறிக்கையில் இல்லாத ஓர் ஊரில் வண்டியை நிறுத்தினார் வழிகாட்டி. மொன்டிக்கியெல்லோ. நூற்றுச் சொச்சம் அடி நடந்தால் ஊர் முடிந்துவிடும் போலிருந்தது. வாரக்குடிகள் வெளியேறி ஊர் காலியாகிக்கொண்டிருந்த 1967இல், மிச்சமிருந்தவர்கள் ஒரு காரியம் செய்தார்கள்: நாடகம் போட்டார்கள். தெருவிலேயே, தாங்களே நடித்து. போகப் போகத் தங்கள் கதையையே நாடகமாக்கினார்கள். இன்றுவரை ஒவ்வொரு கோடையிலும் அது நடக்கிறது. ‘ஏழை நாடகம்’ என்று பெயர். குளிர்காலத்தில் ஊர் கூடி விவாதித்து, இந்த ஆண்டு எதைப் பற்றிப் பேசலாம் என்று முடிவு செய்து எழுதுகிறார்கள். ஐம்பது ஆண்டுக்கு மேலாக ஓர் ஊர் தன்னைப் பற்றித் தானே பேசி முடிக்காமல் இருக்கிறது!

மதிலோரம் நின்று வழிகாட்டி ஒரு திசையைக் காட்டினார். அந்தப் பக்கம் லா ஃபோச்சே பண்ணை. ஐரிஸ் ஒரிகோ என்ற எழுத்தாளர் தன் இத்தாலியக் கணவரோடு 1920களில் வாங்கி, களிமண் அரித்துப் போன நிலத்தை மீட்டெடுத்த இடம். போர்க்காலத்தில் வடக்கே குண்டு விழுந்த நகரங்களிலிருந்து வந்த குழந்தைகளை வைத்துக் காப்பாற்றினார். 1944 ஜூனில் சண்டை பண்ணை வாசலுக்கே வந்துவிட, கைக்குழந்தைகள் உட்பட ஏறக்குறைய அறுபது பேரை நடத்தி மொன்டெபுல்ச்சியானோவுக்குக் கூட்டிப் போனார். கண்ணி வெடி புதைத்த சாலை, தலைக்கு மேல் விமானம். ஊர் நெருங்கியபோது அந்த ஊர் ஜனங்கள் இறங்கி ஓடி வந்து, குழந்தைகளைத் தோளில் தூக்கிக்கொண்டு, எங்கள் வீட்டில் இத்தனை பேர், எங்கள் வீட்டில் இத்தனை பேர் என்று போட்டி போட்டுப் பிரித்துக்கொண்டார்கள். ஒரிகோ தன் நாட்குறிப்பை 1947இல் புத்தகமாக்கினார்.

அந்தக் கதை காதில் இருந்ததால்தானோ என்னவோ, மொன்டெபுல்ச்சியானோவின் ஏற்றம் எனக்குக் கடினமாகத் தெரியவில்லை. குழுவில் மற்றவர்களுக்குத் தெரிந்தது. ஆகஸ்டு கடைசி ஞாயிறு இந்தத் தெருவில் எண்பது கிலோ எடையுள்ள பீப்பாயை மேல்நோக்கி உருட்டிக்கொண்டு ஓடுகிற பந்தயம் உண்டு. எட்டு வட்டாரங்கள், ஒவ்வொன்றுக்கும் இரண்டு பேர், பரிசு ஒரு துணிக்கொடி. பழைய காலத்தில் குதிரைப் பந்தயமாக இருந்தது 1974 முதல் பீப்பாய்ப் பந்தயமானது. அதைப் பார்க்க ஒரு தரம் வரத்தான் வேண்டும்.

இந்த ஊர் ஒயினுக்கு வினோ நோபிலே என்று பேர். மொன்டெபுல்ச்சியானோ என்றே பெயர் கொண்ட இன்னொரு திராட்சை அப்ருத்சோ மாநிலத்தில் விளைகிறது; அதற்கும் இந்த ஊருக்கும் உறவில்லை. கடையில் புட்டி வாங்குகிறவர்கள் அடிக்கடி ஏமாறும் இடம் இது. தெருவிலிருந்து படியிறங்கினால் ஊருக்கு அடியில் இன்னோர் ஊர்: குடைந்த நிலவறைகள், ஆள் உயரத்துக்கு மேல் பீப்பாய்கள், ஈரமான குளிர். அங்கே எனக்குக் கடைசியாகக் கொடுத்தது வின் சாந்தோ. திராட்சையை மாதக் கணக்கில் உலர்த்திப் பிழிந்து, சின்னப் பீப்பாயில் அடைத்து ஆண்டுக்கணக்கில் விடுகிற இனிப்பு ஒயின். கூடவே பாதாம் போட்ட கெட்டி பிஸ்கட். தொட்டுத் தின்ன வேண்டுமாம். சுற்றி இருந்தவர்கள் தயங்கினார்கள். டீயில் பிஸ்கட்டை எத்தனை நொடி வைத்தால் உடைந்து விழும் என்று கை பழகிய எனக்கு ஒரு துளிகூடச் சிந்தவில்லை. ஜாடியில் துப்பினேனா என்று கேட்காதீர்கள்.

திரும்பும்போது வண்டியில் எல்லோரும் தூங்கிவிட்டார்கள். நான் முன் இருக்கையில். வழிகாட்டி சாலையிலிருந்து கண்ணை எடுக்காமல், காலையில் சொன்ன அந்தச் சொல்லை இன்னொரு முறை சொல்லுங்கள் என்றார். சொன்னேன். நாலைந்து முறை முயன்று ‘துவர்ப்பு’ என்று கிட்டத்தட்டச் சரியாகவே சொல்லிவிட்டார். ‘இதில் கடைசியில் உதடு மூடுகிறது, நல்ல சொல்’ என்றார். பிறகு, பழுக்காத சீமைப்பனிச்சைப் பழத்தைச் சின்ன வயதில் திருடித் தின்று வாய் கட்டிப் போய் அம்மாவிடம் அகப்பட்டுக்கொண்ட கதையைச் சொன்னார். அவர்கள் பக்கத்தில் அதை நாக்கைக் கட்டுவது என்றுதான் சொல்வார்களாம். என் பாட்டியும் நாக்கு கட்டுது என்றுதான் சொல்வாள்.

ஊருக்கு வந்ததிலிருந்து இந்த ஒரு சுவையே மனசில் ஓடுகிறது. வாழைப்பூ, மாதுளைத் தோல், அத்திக்காய், கோவைக்காய் என்று பட்டியல் போட்டுப் பார்த்தேன். இருபதுக்கு மேல் போகவில்லை. உங்கள் வீட்டில் துவர்ப்புக்காகவே சமைப்பது என்னென்ன, உங்கள் ஊர்ப் பேச்சில் அதற்கு வேறு என்ன சொல் இருக்கிறது என்று ஒரு தபால் அட்டையில் எழுதிப் போடுங்கள். வந்ததை அப்படியே அடுத்த இதழில் வெளியிடுகிறேன். அலுவலகத்துக்கு வாங்கி வந்த பெக்கொரினோவைப் பற்றி யாரும் விசாரிக்க வேண்டாம். மெய்ப்புப் பார்ப்பவர்கள் மூன்றே நாளில் அதையும் பார்த்து முடித்துவிட்டார்கள்.

அன்புடன்,
ஆசிரியர்